கூட வந்தவர்

புத்தூரில் இறங்கியதும்
யாரிடமும் வழி கேட்கவில்லை.
கையைத் தொட்டிலில் போட்டு நடப்பவர் பின்னால்
காலை இழுத்து நடப்பவர்,
அவர் பின்னால் நான்.

எலும்பு முறிந்த யாரும்
தனியாக வருவதில்லை என்பது
அங்கே போய்த்தான் தெரிந்தது.
சுண்டுவிரல் பிசகியவனுக்கு மூன்று பேர்.
தோள்பட்டை இறங்கிய பெரியவருக்கு ஒரு வேன் நிறைய,
புளிசாதத் தூக்கோடு.
பெஞ்சில் நான் உட்கார்ந்ததும்
பக்கத்துப் பெண் தன் பையை மடியில் ஏற்றி
இன்னும் ஓர் ஆளுக்கு இடம் விட்டாள்,
எனக்குப் பின்னால் வரப்போகிறவருக்காக.
அந்த இடத்தை அரைமணி நேரம்
நானே காவல் காத்தேன்.

தண்ணீர் பாட்டில் மூடி ஒரு கைக்குத் திறக்காது.
முழங்காலிடுக்கில் வைத்துத் திருகினேன்.
ஒரு சிறுவன் பார்த்தான்.
தாகமில்லாதவள் போல
பைக்குள் திரும்பப் போட்டேன்.

சுவரெல்லாம் வட்டம் வட்டமாக எழுத்து.
ஒரு மணி நேரம் பஸ்ஸில் வந்ததற்கே
படிக்கத் தெரியாதவளாகியிருந்தேன்.
ரேஷன் கடையில் நாளெல்லாம் பில் போடும் கை
மடியில் யாருடையதோ போலக் கிடந்தது.

"மீத்தோ எவரொச்சாரு?"
சீட்டு எழுதும் பையன்.
நான் முழித்ததைப் பார்த்துத் தமிழுக்கு மாறினான்.
"கூட யாரும்மா? தோளப் புடிக்க ஆள் வேணும்."
"வெளிய நிக்கிறாரு" என்றேன்.

யோசித்துச் சொன்ன பொய் இல்லை.
பல வருஷமாக வாசலிலேயே நின்றிருந்தது போல
சட்டென்று உள்ளே வந்துவிட்டது.

அவன் வாசலுக்குப் போய்க் கத்தினான்:
"பொதட்டூர்பேட்ட சுலோச்சனாதோ வச்சினவாரு
லோப்பலிக்கி ரண்டி!"
தெருவுக்கே கேட்டது என் பெயர்.
காது சுட்டது.
இப்போது திரும்பி வருவான்,
பெஞ்சு முழுக்க என்னைப் பார்க்கும்.

ஒருவர் வந்தார்.

கட்டம் போட்ட சட்டை, கக்கத்தில் குடை,
கையில் பாதி வடை.
அதை வாயில் போட்டுக்கொண்டு செருப்பைக் கழற்றினார்.
என்னைப் பார்க்கவில்லை.
கையைப் பார்த்தார்.
பின்னால் வந்து நின்று இடது தோளைப் பிடித்தார்,
லாரியில் மூட்டை சரியாமல் பிடிக்கிற மாதிரி.

வைத்தியர் இழுத்தார்.
அம்மா என்றுகூட வரவில்லை எனக்கு,
வெறும் சத்தம்.
தோளிலிருந்த கை இறுகியது.
வலி போன பிறகும்
ஒரு மூச்சு நேரம் அப்படியே இருந்தது.
பச்சிலை, முட்டை வெள்ளை, மூங்கில் பத்தை, துணி.
முடித்து நான் திரும்புவதற்குள்
செருப்புக் கிடந்த இடம் காலி.

பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன்.
திருப்பதி பஸ் நிற்கிற பக்கம்
குடையை ஊன்றிக்கொண்டு.
அவர் வீட்டிலும் ஒரு சுலோச்சனா உண்டா,
பாஷை புரியாமல் எழுந்து வந்தாரா,
அவரோடு வந்தவரை எங்கே விட்டார்,
அப்படி யாரும் இல்லையா.
நன்றி சொல்ல நாலு தப்படி போதும்.
போகவில்லை.
அவர் ஒருமுறை என் பக்கம் பார்த்தார்,
தன் ஊருக்குப் போகாத பஸ்ஸைப் பார்ப்பது போல.

கட்டு காயக் காய முட்டை நாற்றம்.
என் பக்கத்தில் உட்கார்ந்த கல்லூரிப் பெண்
மூக்கைத் துப்பட்டாவுக்குள் விட்டுக்கொண்டு எழுந்தாள்.
நிற்க இடமில்லாத பஸ்ஸில்
என்னருகே மட்டும் ஒரு சீட்டு காலியாக வந்தது.

நகரி வருவதற்கு முன்
பின்சீட்டு அம்மாள் முதுகைத் தட்டினாள்.
"அம்மா, வீப்பு மீத நூனெ."
எண்ணெய்யாம், முதுகில்.
ரவிக்கையில் நாலு விரல் தெரிகிறதாம்,
தன் தோளைத் தொட்டுக் காட்டினாள்.

வலது கை கட்டுக்குள்.
இடது தோளின் பின்பக்கம்
இடது கைக்கு எட்டாது.

டிக்கெட்டை விரலில் சுருட்டியபடி
ஊர் வரும்வரை
சீட்டில் முதுகு சாய்க்காமல் உட்கார்ந்திருந்தேன்.